காசை எடைபோட்ட கணிதர்

ஒரு வெள்ளிக் காசு கைமாறும்போதெல்லாம் இம்மியளவு தேய்கிறது. கல்லாப்பெட்டியில் விழும்போது, முந்தானை முடிச்சுக்குள் மற்றக் காசுகளோடு உரசும்போது, கொஞ்சம் வெள்ளி போய்விடும். ஒரே ஆண்டில் ஒரே அச்சில் வந்த நூறு காசுகளை இருபது ஆண்டு கழித்துத் தராசில் வைத்தால் இரண்டு விஷயம் தெரியும். சராசரி எடை குறைந்திருக்கும். காசுக்குக் காசு எடை வித்தியாசம் கூடியிருக்கும். சில காசுகள் பெட்டியிலேயே தூங்கியிருக்கும், சில சந்தை சந்தையாக அலைந்திருக்கும். கடைத்தெருவில் இருப்பவர்களுக்கு இது தெரிந்த சங்கதிதான். இதை வைத்துக்கொண்டு, அரசன் பெயரோ ஆண்டோ பொறிக்கப்படாத இரண்டாயிரத்து முந்நூறு ஆண்டுப் பழைய காசுகளைக் கால வரிசையில் அடுக்கிவிடலாம் என்று 1940களில் புணே நகரத்துக் கணிதப் பேராசிரியர் ஒருவர் துணிந்தார். அவர் பெயர் தாமோதர் தர்மானந்த் கோசாம்பி. வரலாற்றில் அவருக்குப் பட்டமும் கிடையாது, பதவியும் கிடையாது.

அவர் கையில் எடுத்தது தட்சசீலப் புதையல். 1924இல் பீர் மேட்டில் கிடைத்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட வெள்ளி முத்திரைக் காசுகள். அவற்றோடு அலெக்சாந்தர் நாணயம் இரண்டு, அவருக்குப் பின் அரியணை ஏறிய பிலிப் அரிதேயஸ் நாணயம் ஒன்று. எனவே புதையல் மண்ணுக்குள் போனது கி.மு. நான்காம் நூற்றாண்டின் கடைசிப் பகுதியில் என்று சொல்லிவிடலாம். உள்ளே இருக்கும் காசுகளில் எது முந்தையது, எது பிந்தையது?

முத்திரைக் காசு என்பது சப்பையான வெள்ளித் துண்டு. எடை மூன்றரை கிராம் அளவில் இருக்கும். ஒரு பக்கத்தில் சூரியன், ஆறு கை கொண்ட சக்கரம், விலங்கு என்று ஐந்து சின்னங்கள் குத்தியிருப்பார்கள். மறுபக்கம் வெறுமையாகத்தான் வெளிவரும். போகப்போக அதில் பொட்டுப் பொட்டாகச் சிறு முத்திரைகள் சேரும். முன்பக்கச் சின்னங்களுக்கு என்ன பொருள் என்று அறிஞர்கள் மண்டையை உடைத்துக்கொண்டிருந்தபோது கோசாம்பி காசைத் திருப்பிப் போட்டுப் பின்பக்கத்துப் பொட்டுகளை எண்ணினார். ஒவ்வொன்றையும் எடை போட்டார். பொட்டு கூடக்கூட எடை குறைந்துகொண்டே போனது. அப்படியானால் அந்தப் பொட்டுகள் அலங்காரம் ஆகாது. குறிப்பிட்ட இடைவெளியில் வணிகர்கள் காசைச் சோதித்து ‘செல்லும்’ என்று இட்ட அடையாளங்கள். தேய்மானம் உண்மையிலேயே இப்படித்தான் நடக்கிறதா என்று பார்க்கத் தம் காலத்தில் புழங்கிய சில்லறைக் காசுகளையும் ஆயிரக்கணக்கில் வாங்கி எடை போட்டார். மௌரியருக்கு முந்தைய வணிகன் ஒருவன், பெயர் தெரியாமலே, தன் கைவேலையோடு நம் முன் வந்து நின்றுவிட்டான்.

கோசாம்பியைப் பற்றி எழுதுகிறவர்கள் வழக்கமாக அவரை ‘மார்க்சிய வரலாற்றாசிரியர்’ என்று ஆரம்பித்து அங்கேயே முடித்துவிடுகிறார்கள். ஆதரித்தவர்களும் எதிர்த்தவர்களும் ஒரேபோல் செய்கிற தவறு இது. இங்கே எடுத்துக்கொள்ளும் கேள்வி வேறு: அவர் மறைந்து ஏறக்குறைய அறுபது ஆண்டு ஆகிவிட்ட நிலையில் அவர் சொன்னவற்றில் எது நிற்கிறது, எது விழுந்துவிட்டது? நின்றதற்கும் விழுந்ததற்கும் ஏதேனும் காரணம் இருக்கிறதா?

அவர் பிறந்தது 1907 ஜூலை 31, கோவாவில். தந்தை தர்மானந்த் கோசாம்பி புத்தரைத் தேடி வீட்டைவிட்டுக் கிளம்பியவர். கொழும்பு வித்யோதய பிரிவேனாவில் பாலி படித்து, பர்மா வரை போய், இந்தியாவின் பெரும் பௌத்த அறிஞர்களில் ஒருவராக ஆனவர். ஹார்வர்டு பல்கலைக்கழகம் விசுத்திமக்க என்னும் பாலி நூலைப் பதிப்பிக்க அவரை அழைத்தது. 1918இல் அவர் போனபோது மகனும் கூடப் போனான். கேம்பிரிட்ஜ் நகரத்துப் பள்ளியில் படித்து, 1929இல் ஹார்வர்டிலேயே மிக உயர்ந்த தரத்தில் தேறி ஊர் திரும்பினான்.

முதலில் பனாரஸ், பிறகு 1931இல் அலிகர். அங்கே கணிதத் துறைக்குத் தலைவராக வந்திருந்தவர் ஆந்த்ரே வெய் என்ற பிரெஞ்சு இளைஞர், பின்னாளில் உலகப் புகழ் பெற்றவர். நல்ல கணிதர்களைத் தேடித் தேடிச் சேர்த்தார். பின்பு சென்னை இராமானுஜன் கணித நிறுவனத்துக்கு இயக்குநரான டி. விஜயராகவனும் அப்படி வந்தவரே. புர்பாக்கி என்ற இல்லாத கணிதரின் பெயர் முதன்முதலில் அச்சேறியது அந்தக் காலத்தில் கோசாம்பி எழுதிய கட்டுரையில்தான். வெய் கிளப்பிவிட்ட குறும்பு அது. பிற்காலத்தில் பிரெஞ்சுக் கணிதர்களின் ஒரு பெரிய குழுவே அந்தப் பெயரில் நூல்கள் எழுதியது.

1933இல் புணே ஃபெர்குசன் கல்லூரிக்கு வந்தார். பன்னிரண்டு ஆண்டு அங்கே பாடம் நடத்தினார். 1943இல் புள்ளியியலில் அவர் வெளியிட்ட ஒரு முடிவு, பின்னர் தனித்தனியே அதைக் கண்டடைந்த கார்ஹுனென், லோயெவ் பெயர்களோடு சேர்த்து இன்று சொல்லப்படுகிறது. மரபணுக்களுக்கு இடையிலுள்ள தூரத்தைக் கணக்கிட 1944இல் அவர் தந்த சூத்திரத்தைப் பயிர் வளர்ப்பு ஆய்வாளர்கள் இன்றும் ‘கோசாம்பி சார்பு’ என்ற பெயரிலேயே பயன்படுத்துகிறார்கள். நெல்லில் மரபணு வரைபடம் போடுகிற ஆய்வாளர், அந்தப் பெயருக்கு உரியவர் பண்டைய இந்தியாவைப் பற்றி எழுதியவர் என்று அறியாமலே தினம் அவரைக் கூப்பிட்டுக்கொண்டிருக்கக்கூடும்.

வரலாற்றுக்கு அவர் வந்த வழி காசு. புள்ளியியல் முறைகளைச் சோதிக்க ஏதாவது நிஜமான பொருள் வேண்டும் என்று தேடியவர் காசில் மாட்டிக்கொண்டார். காசை வரிசைப்படுத்தினால் அரசர்களை வரிசைப்படுத்த வேண்டும். அதற்குப் புராணங்கள் வேண்டும். புராணத்துக்கு வடமொழி வேண்டும். வடமொழியைப் படிக்க அவர் பிடித்துக்கொண்ட நூல் பர்த்ருஹரியின் சதகங்கள். பண்டார்க்கர் கீழ்த்திசை ஆய்வு நிறுவனத்தில் மகாபாரதத்தின் செம்பதிப்பை நடத்திவந்த வி. எஸ். சுக்தங்கர் ஊக்கம் தந்தார். பிறகு நடந்ததை நினைத்தால் மலைப்பாக இருக்கிறது. நாட்டின் மூலை முடுக்குகளில் இருந்து முந்நூற்றுக்கும் மேற்பட்ட சுவடிகளைத் திரட்டினார். பர்த்ருஹரி பெயரில் எண்ணூற்றுக்கும் அதிகமான பாடல்கள் உலவிவந்தன. ஒவ்வொரு பாடலும் எந்தெந்தச் சுவடிக் குடும்பத்தில் இருக்கிறது, எதில் இல்லை என்று ஒப்பிட்டு, ஏறக்குறைய இருநூறு பாடல்களே மூலத்துக்கு உரியவை என்று பிரித்தார். 1948இல் அந்தப் பதிப்பு வந்தது. காசில் தேய்மானத்தை அளந்த அதே கண்தான் இங்கே சுவடியில் இடைச்செருகலை அளந்தது. சுவடியும் கைமாறிக் கைமாறித்தானே வருகிறது? காசில் வெள்ளி போகும். சுவடியில் பாட்டு சேரும்.

வி. வி. கோகலேயோடு சேர்ந்து அவர் பதிப்பித்த சுபாஷிதரத்னகோசம் 1957இல் ஹார்வர்டு கீழ்த்திசை வரிசையில் வெளிவந்தது. வங்காளத்துப் பௌத்த மடத்தில் இருந்த வித்யாகரர் தொகுத்த பாடல் திரட்டு அது. முன்னுரையில் கோசாம்பி அந்தக் கவிதைகளை அரண்மனையை அண்டிப் பிழைத்த ஒரு வகுப்பின் குரல் என்று கடுமையாக எடைபோட்டார். அதை ஆங்கிலத்தில் பெயர்த்த டானியல் இங்கால்ஸ் இந்தத் தீர்ப்பை ஏற்கவில்லை. கவிதையைக் கவிதையாகப் படிக்க வேண்டும் என்று வெளிப்படையாகவே மறுத்தார். இந்த இடத்தில் இங்கால்ஸ் பக்கமே நியாயம் அதிகம். பதிப்பாசிரியர் கோசாம்பி ஒவ்வொரு எழுத்துக்கும் சான்று கேட்டவர். விமர்சகர் கோசாம்பி சில இடங்களில் தீர்ப்பை முதலிலேயே எழுதிவிட்டுக் கவிதைக்கு வந்தவர்.

1956இல் ‘இந்திய வரலாற்றைப் பயில ஓர் அறிமுகம்’ வந்தது. அதற்கு முன் பண்டைய இந்திய வரலாறு என்றால் பெரும்பாலும் வம்சாவளி. யார் யாருக்குப் பின் வந்தார், எந்தப் போரில் யார் வென்றார், எந்த அரசர் காலம் பொற்காலம். கோசாம்பி கேட்டதோ, மக்கள் ஏர் பூட்டி உழுதார்களா, மண்வெட்டியால் கொத்தினார்களா, உபரி யார் கைக்குப் போனது, அதை எப்படி வாங்கினார்கள் என்பதே. அரசன் பெயரைத் தெரிந்துகொள்வதைவிட ஏர் இருந்ததா என்று தெரிந்துகொள்வது முக்கியம் என்று அவர் வாதிட்டபோது பல பேராசிரியர்களுக்கு அது அடாவடியாகத் தோன்றியது. இன்று அந்தக் கேள்வி வரலாற்றுப் படிப்பில் இயல்பானதாகிவிட்டது.

தம் அணிக்காரர்களையும் அவர் விடவில்லை. கம்யூனிஸ்ட் தலைவர் எஸ். ஏ. டாங்கே 1949இல் பண்டைய இந்தியா பற்றி ஒரு நூல் வெளியிட்டார். ஐரோப்பாவில் இருந்ததுபோல் இந்தியாவிலும் அடிமைச் சமூகம் என்ற படி இருந்தே தீர வேண்டும் என்ற போக்கு அதில் இருந்தது. கோசாம்பி அதைக் கிழித்துத் தொங்கவிட்டார். சான்று இல்லாமல் படிநிலையைத் திணிப்பது மார்க்சியம் ஆகாது என்பது அவர் கட்சி. மார்க்சே சொன்ன ‘ஆசிய உற்பத்தி முறை’யையும் அவர் ஏற்கவில்லை.

அவருடைய வாழ்வில் மிகவும் மனம் கவர்கிற பகுதி அவரது நடை. புணேயைச் சுற்றியுள்ள குன்றுகளில் விடுமுறை தோறும் நடந்தார். கண் தரையில் இருக்கும். விரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிய, பளபளப்பான சிக்கிமுக்கி வகைக் கல் சில்லுகள் கிடைக்கும்: நுண்கற்கருவிகள். அம்பு முனையில் பதிக்க, தோல் சுரண்ட, இறைச்சி அறுக்க வரலாற்றுக்கு முந்தைய மக்கள் உடைத்துத் தீட்டியவை. அவை எங்கெங்கே கிடைக்கின்றன என்று குறித்துக்கொண்டே வந்தபோது ஒன்று புலப்பட்டது. ஊருக்கு வெளியே, பாதைகள் சந்திக்கும் இடத்தில், செந்தூரம் பூசிய உருவமில்லாக் கல்லாக நிற்கும் அம்மன்களின் பக்கத்தில் அவை அடிக்கடி கிடைத்தன. பௌத்தர்கள் குடைந்த குகைகளும் அதே பாதைகளின் ஓரத்திலேயே இருந்தன.

கார்லே குடைவரைக்குப் போனவர்கள் இதை நேரில் பார்த்திருப்பார்கள். இந்தியாவின் மிகப் பெரிய சைத்திய மண்டபங்களில் ஒன்று. இரண்டாயிரம் ஆண்டுக்கு முன் போட்ட மர விலா எலும்புகள் கூரையில் இன்னும் நிற்கின்றன. தூண்களில் தானம் கொடுத்தவர்களின் பெயர்கள் பிராமியில் இருக்கின்றன. தேனுகாகடம் என்ற ஊரிலிருந்து வந்த யவனர்கள் உட்பட. அந்தக் கல்வெட்டுகளில் சிலவற்றை 1950களில் புதிதாகக் கண்டு படித்தவர் கோசாம்பி. அதே மண்டபத்தின் வாசலை ஒட்டி ஏகவீரை அம்மன் கோயில். மும்பைக் கடற்கரையிலிருந்து கோலி மீனவர்கள் குடும்பம் குடும்பமாக மலை ஏறி வந்து நேர்த்திக்கடன் செலுத்துகிறார்கள். கலை வரலாற்று நூல்கள் மண்டபத்தைப் படம் பிடித்து, கோயிலைச் சட்டகத்துக்கு வெளியே விட்டுவிடும். கோசாம்பிக்கு இரண்டும் ஒரே ஆவணம். பிக்குகள் ஏன் இந்த இடத்தைத் தேர்ந்தார்கள்? மக்கள் ஏற்கெனவே கூடிய இடம், வணிகச் சாத்துகள் கணவாய் ஏறும் முன் தங்கிய இடம் என்பது அவர் விடை. 1962இல் வந்த ‘தொன்மமும் உண்மையும்’ இந்த நடைகளின் விளைச்சல். அவர் எழுதியவற்றில் ஒன்றை மட்டும் படிக்க நேரம் உள்ளவர் அதைத்தான் படிக்க வேண்டும்.

விழுந்தவற்றைப் பார்ப்போம்.

சிந்துவெளி மக்களிடம் ஏர் இல்லை, வெள்ளம் படிந்த மண்ணைக் கீறி விதைத்தார்கள், இந்திரன் விருத்திரனைக் கொன்று நீரை விடுவித்த வேதக் கதை அவர்களது அணைகளை ஆரியர் உடைத்த நினைவு என்று அவர் எழுதினார். பிற்பாடு ராஜஸ்தானத்துக் காலிபங்கனில் குறுக்கும் நெடுக்குமாக உழுசால் ஓடிய வயலையே அகழ்ந்து எடுத்தார்கள். பெருநகரங்கள் எழுவதற்கும் முந்தையது அது. பனாவலியில் சுடுமண் ஏர் பொம்மை கிடைத்தது. கோசாம்பியின் வாதம் அதோடு சரிந்தது.

மகதம் எழுந்ததற்குத் தென் பீகாரின் இரும்பே காரணம், இரும்புக் கோடரியால் கங்கைக் காடு அழிந்தது என்ற கருத்தும் அப்படித்தான். வரலாற்றாசிரியர் ஆர். எஸ். சர்மா அதை விரிவாக வளர்த்தெடுத்தார். காட்டை எரித்தும் அழிக்கலாம், கிடைத்த இரும்புக் கருவிகள் அவ்வளவு பெரிய வேலைக்குப் போதுமானவையாக இல்லை என்று தொல்லியலாளர்கள் கேட்ட கேள்விகளுக்குப் பிறகு அதைப் பழைய உறுதியோடு யாரும் சொல்வதில்லை.

காசு விஷயத்திலும் இதே பிளவுதான். தேய்மானக் கணக்கு நிற்கிறது. இந்தச் சின்னம் இன்ன அரசனுக்கு உரியது என்று புராண வம்சாவளியோடு அவர் இணைத்துக் காட்டியது நிற்கவில்லை. பிற்கால மௌரியக் காசில் செம்பு கூடியிருப்பதைக் கண்டு கருவூலம் நொடித்தது என்றார். ரொமிலா தாப்பர் 1961இல் வெளியிட்ட அசோகர் பற்றிய நூலில் இதை மறுத்தார்: வணிகம் பெருகிக் காசுக்குத் தேவை கூடியிருக்கலாம், வெள்ளிக்குத் தட்டுப்பாடு வந்திருக்கலாம். செம்பின் அளவில் யாருக்கும் சந்தேகம் இல்லை. அது எதைக் காட்டுகிறது என்பதில்தான் வழக்கு.

நிலப்பிரபுத்துவம் பற்றிய அவர் கருத்து இன்னும் பெரிய சண்டைக்கு வித்திட்டது. பேரரசர் சிற்றரசர்களிடம் திறை வாங்குவது மேலிருந்து வந்தது, ஊருக்குள்ளேயே நிலக்கிழார் வகுப்பு ஒன்று உழவருக்கும் அரசுக்கும் நடுவே முளைத்தது கீழிருந்து வந்தது என்று இரண்டு கட்டமாகப் பிரித்தார். சர்மா 1965இல் செப்பேட்டு நிலமானியங்களை அடுக்கி இந்தியாவில் நிலப்பிரபுத்துவம் இருந்ததை நிறுவ முயன்றார். ஐரோப்பியப் பண்ணையடிமை முறை இல்லாத இடத்தில் அந்தச் சொல் பொருந்துமா என்று 1979இல் ஹர்பன்ஸ் முகியா கேட்டார். விவாதம் பல தொகுதிகளாக நீண்டது.

இவற்றை வரிசையாக வைத்துப் பார்க்கும்போது ஓர் ஒழுங்கு தெரிகிறது. தாமே கையில் எடுத்து அளந்ததில், தாமே சுவடி சுவடியாக ஒப்பிட்டதில், தாமே காலால் நடந்து பார்த்த தக்காணத்தில் அவரை அசைப்பது கடினம். சிந்துவெளிக்கும் கங்கைக்கும் வேதத்தையும் பிறர் அறிக்கையையும் நம்பிப் போனபோதுதான் வழுக்கினார். விதிவிலக்கு இல்லாமல் இல்லை. கற்சில்லு கிடந்த இடத்தில் அம்மன் நிற்பதால் ஆயிரக்கணக்கான ஆண்டு வழிபாடு அறுபடாமல் வந்தது என்று அவர் கொண்டது, அவர் நடந்த மண்ணிலேயே, சான்றைத் தாண்டிய தாவல். வழியோர மேடு யாருக்கும் வசதியான இடம். வெவ்வேறு காலத்தவர் தொடர்பின்றியும் அங்கே வந்திருக்கலாம். என்றாலும் பொதுவாக, கோசாம்பி தோற்ற இடங்கள் கோசாம்பி தம் முறையைக் கைவிட்ட இடங்கள்.

தெற்கே அவர் அதிகம் வரவில்லை. 1965இல் வந்த அவரது பெயர்பெற்ற நூல் தமிழிலும் ‘பண்டைய இந்தியா’ என்று வெளியாகிப் பல பதிப்பு கண்டது. ஆனால் அதில் தமிழகத்தைத் தேடுகிற வாசகருக்கு ஏமாற்றமே. ஆயிரக்கணக்கான கல்வெட்டுகளில் நிலத்தின் எல்லை, வரி, விற்றவர் பெயர், வாங்கியவர் பெயர் என்று எழுதிவைத்த நாடு தமிழ்நாடு. எண்ணிப் பார்க்கத் தெரிந்த ஒருவருக்கு இதைவிட நல்ல களம் எங்கே? அந்த வேலையை வேறு சிலர் தங்கள் வழியில் தொடங்கினார்கள். ஜப்பானியரான நொபொரு கராஷிமா 1966இல் திருச்சிப் பக்கத்து அல்லூர், ஈசானமங்கலம் என்ற இரண்டே ஊர்களின் சோழர் காலக் கல்வெட்டுகளை எடுத்துக்கொண்டு, வேளாளர் ஊரில் நிலம் பொதுவில் இருந்ததையும் பிராமண ஊரில் தனியாருக்கு உரிமையாக இருந்ததையும் காட்டினார். 1978இல் அவரும் எ. சுப்பராயலுவும் தொரு மாட்சுயியும் சேர்ந்து சோழர் கல்வெட்டில் வரும் ஆட்பெயர்களைக் கணினியில் ஏற்றிப் பெயரடைவாகவே வெளியிட்டார்கள். கோசாம்பி பார்த்திருந்தால் மகிழ்ந்திருப்பார் என்று நம்பலாம்.

அவருடைய கடைசி ஆண்டுகள் வருத்தம் தருகின்றன. ஹோமி பாபா அழைக்க, 1940களின் நடுவில் பம்பாய் டாட்டா அடிப்படை ஆய்வு நிறுவனத்தில் சேர்ந்திருந்தார். வீட்டைப் புணேயிலேயே வைத்துக்கொண்டு டெக்கான் குவீன் ரயிலில் போய்வந்தார். பல கட்டுரைகள் அந்த ரயிலில் சிந்தித்தவை. உலக அமைதி இயக்கத்தில் ஊக்கமாக இருந்தார். அணு மின்சாரத்தைவிட இந்த நாட்டுக்கு வெயிலே நல்லது என்று 1950களிலேயே மேடையேறிப் பேசினார். அணுசக்தித் திட்டத்தின் தலைவரான பாபாவே நடத்துகிற நிறுவனத்தில் இருந்துகொண்டு அப்படிப் பேச நெஞ்சுரம் வேண்டும். 1959இல், கணிதத்தின் பெரும் புதிரான ரீமான் கருதுகோளைத் தொடும் ஒரு கட்டுரையை வேளாண் புள்ளியியல் இதழில் வெளியிட்டார். கணிதர்கள் அந்த நிரூபணத்தை ஏற்கவில்லை, அவர் பெயரும் அடிபட்டது. 1962இல் நிறுவனம் அவருடைய ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை. அப்போது வயது ஐம்பத்தைந்து. ‘தொன்மமும் உண்மையும்’ வந்ததும் அதே ஆண்டுதான்.

அந்த நூலில் பண்டரிபுரம் யாத்திரை பற்றி அவர் எழுதியது இன்னும் தீராத கணக்கு. ஆளந்தியிலிருந்து ஞானேசுவரர் பல்லக்கும் தேகுவிலிருந்து துக்காராம் பல்லக்கும் இருநூறு கிலோமீட்டருக்கு மேல் நடந்து போகின்றன. மழை தொடங்கி, வயலில் ஆள் தேவைப்படும் நேரம் பார்த்து ஊரே ஏன் கிளம்ப வேண்டும்? உழவுக்கு முந்தைய காலத்தில், மழைக்கு ஏற்ப மந்தை ஓட்டி இடம் மாறியவர்களின் தடத்தைத்தான் பக்தர்கள் மிதிக்கிறார்கள் என்று கோசாம்பி நினைத்தார். பல்லக்கு இறங்கும் இடங்களின் அருகே குனிந்து பார்த்தார், கற்சில்லுகள் கிடைத்தன.

அவர் 1966 ஜூன் 29 அன்று புணே வீட்டில் தூக்கத்திலேயே இறந்தார். அந்த யாத்திரை முடியும் ஆஷாட ஏகாதசியை ஒட்டிய நாள் அது. இரண்டு பல்லக்குகளும் பண்டரிபுரம் போய்ச் சேர்ந்திருந்தன.